கல்லூரி ஐஸ் ஹாக்கி, கோச் வேலை, பிறகு பாக்சிங்: இது எப்படி ஒரே ஆளின் பாதையாகிறது?

நீங்கள் கேட்டிருப்பது இது. அமெரிக்காவில் ஒரு பெண் கல்லூரியில் 4 வருடம் ஐஸ் ஹாக்கி ஆடினார், படிப்பு முடிந்ததும் உதவிக் கோச்சாகச் சேர்ந்தார், இப்போது 26 வயதில் அமெச்சூர் பாக்சிங் போட்டிகளில் இறங்குகிறார். அவரைப் பற்றிய ஒரு சின்னக் குறிப்பைப் படித்துவிட்டு, "இவர் எதிலும் நிலைத்து நிற்காதவரா, இல்லை இப்படி ஒரு பாதை அங்கே நிஜமாகவே இருக்கிறதா? ஹாக்கி ஆடிய உடம்புக்கு பாக்சிங் சுலபமாக வந்துவிடுமா?" என்று கேட்கிறீர்கள். உடம்பைப் பற்றிய கேள்விக்குப் பின்னால் இன்னொரு கேள்வி இருப்பதாக எனக்குப் படுகிறது: இது மூன்று வாழ்க்கையா, ஒரே வாழ்க்கையா? அதற்கு என் பதில், ஒரே வாழ்க்கைதான். ஏன் என்று கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன்.

நான் மினசோட்டா மாநிலத்தில், செயின்ட் பால் நகரத்தில் இருக்கிறேன். ஒரு சிறிய கல்லூரியில் விளையாட்டு மாணவர்களின் உடற்பயிற்சியையும் காயங்களையும் கவனிக்கும் வேலை, 14 வருடமாக. குளிர்காலம் முழுக்க ஹாக்கி ஆடும் பனித்தளத்தில்தான் இருப்பேன். வாரத்தில் மூன்று சாயங்காலம் ஒரு பாக்சிங் ஜிம்மில் பேட் பிடிக்கிறேன், அதாவது பாக்சர்கள் குத்திப் பழகும் மெத்தைகளைக் கையில் மாட்டிக்கொண்டு எதிரே நிற்கிறேன். இந்த ஊரில் இரண்டு விளையாட்டுமே ஆழமாக வேரோடியவை. 1980 ஒலிம்பிக்கில் சோவியத் அணியைத் தோற்கடித்த அமெரிக்க ஹாக்கி அணியின் கோச் ஹெர்ப் புரூக்ஸ் இந்த ஊரின் கிழக்குப் பகுதியில் வளர்ந்தவர். 1923இல் உலக ஹெவிவெயிட் சாம்பியன் ஜாக் டெம்ப்சியின் எதிரே 15 ரவுண்டும் விழாமல் நின்ற டாமி கிப்பன்ஸும் செயின்ட் பால்காரர்தான், பிற்பாடு இந்த மாவட்டத்துக்கே ஷெரீஃப் ஆனார். அதனால் ஹாக்கி ஆடினவர் பாக்சிங் ஜிம் படியேறி வருவது எனக்குப் பழகிய காட்சி. நான் நரம்பியல் மருத்துவர் இல்லை, தொழில்முறை பாக்சர்களோடு வேலை செய்ததும் இல்லை. எனவே மூளையைப் பற்றிப் பேசும் இடத்தில், எது உறுதியானது, எது இன்னும் விவாதத்தில் இருக்கிறது என்று பிரித்துச் சொல்கிறேன்.

முதலில் கல்லூரி ஆட்டம் எப்படி முடிகிறது என்று பார்க்க வேண்டும். நம் ஊரில் நல்ல கபடிக்காரரோ வாலிபால்காரரோ கல்லூரி முடிந்தாலும் ஊர் அணி, ரயில்வே, போலீஸ், வங்கி என்று எங்கேயாவது ஆடிக்கொண்டிருக்கலாம். இங்கே கல்லூரி விளையாட்டை நடத்தும் என்.சி.ஏ.ஏ. அமைப்பின் கணக்கு வழக்கமாக ஒருவருக்கு நான்கு சீசன். அது தீர்ந்தால் தீர்ந்ததுதான். ஆண்களில் பலர் பள்ளி முடிந்து ஜூனியர் லீகில் ஒன்றிரண்டு வருடம் ஆடிவிட்டு 20 வயதில்தான் கல்லூரிக்குள் வருகிறார்கள், வெளியே போகும்போது வயது 24. வட அமெரிக்காவின் உச்ச தொழில்முறை ஹாக்கி லீகான என்.எச்.எல்.லில் இருப்பதே 32 அணிகள். அதற்குக் கீழே சிறிய லீகுகளும் ஐரோப்பாவும் உண்டு, ஆனால் அங்கே போகிறவர்களும் கொஞ்சம் பேர்தான்.

பெண்களுக்கு அந்த ஜன்னல் கூட வெகு காலம் இல்லை. பெண்கள் ஐஸ் ஹாக்கி ஒலிம்பிக்கில் சேர்ந்ததே 1998 நகானோவில். என்.சி.ஏ.ஏ. பெண்களுக்கு முதல் தேசியப் போட்டி நடத்தியது 2001இல். கனடாவில் 2007இல் தொடங்கிய லீக் 2019இல் மூடப்பட்டது. அமெரிக்காவில் 2015இல் வந்த லீக் இரண்டாவது சீசனிலேயே சம்பளத்தைக் குறைத்தது. இப்போது ஓரளவு காலூன்றி நிற்கும் தொழில்முறை லீக் ஆட்டத்தைத் தொடங்கியதே 2024 ஜனவரியில்தான். நீங்கள் சொல்லும் பெண் கல்லூரியை விட்டு வெளியே வந்த சமயத்தில் அவருக்கு முன்னால் கதவுகள் எத்தனை இருந்திருக்கும் என்று இதை வைத்துக் கணக்குப் போட்டுக்கொள்ளலாம்.

கடைசி ஆட்டம் முடிந்த உடைமாற்றும் அறையில் நான் ஒவ்வொரு மார்ச் மாதமும் நின்றிருக்கிறேன். இளையவர்கள் குளித்துவிட்டுப் பஸ்ஸுக்குப் போய்விடுவார்கள். நான்காம் வருடத்துக்காரர்கள் மட்டும் ஸ்கேட்ஸைக் கழற்றாமல் பெஞ்சில் உட்கார்ந்திருப்பார்கள். ஒரு வருடம் ஒரு பெண், சாக்ஸைச் சுற்றி ஒட்டியிருந்த டேப்பை வெட்ட நான் கத்தரிக்கோலை நீட்டியபோது, "இன்னும் ஐந்து நிமிடம் இருக்கட்டும்" என்றார். ஐந்து வயதிலிருந்து ஆடியவர். அந்த டேப்பை வெட்டினால் அடுத்த தடவை ஒட்டுவதற்குக் காரணமே இல்லை என்று அவருக்குத் தெரியும். நான் கத்தரிக்கோலை அவர் பக்கத்தில் வைத்துவிட்டு வெளியே போய் நின்றேன்.

இந்த இடத்திலிருந்துதான் கோச் வேலை ஆரம்பிக்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் பதவி மாதிரித் தெரியும். உள்ளே, ஆரம்பத்தில் அது எடுபிடி வேலை. ஆட்ட வீடியோவை இரவெல்லாம் துண்டு துண்டாக வெட்டி அடுக்குவது, பயிற்சிக்கு முன்னால் பக்குகளை (ஸ்டிக்கால் அடிக்கும் ரப்பர் வட்டுகளை) வாளியில் அள்ளிக்கொண்டு போய் வைப்பது, பள்ளி ஆட்டக்காரர்களைத் தேடி வார இறுதிகளில் பனிச்சாலையில் 300 மைல் ஓட்டிப் போய் உட்காருவது. சம்பளம் சொற்பம். முதுகலைப் படிப்புக்கான கட்டணத்தைக் கல்லூரி ஏற்றுக்கொள்வதே சம்பளமாக இருக்கும் இடங்களும் உண்டு. ஆனாலும் வருகிறார்கள், ஏனென்றால் பனித்தளத்தின் வாசனையை விட்டுப் பிரிய மனது வருவதில்லை.

இந்தப் பாதையில் போய்ப் பெரிய இடத்தைத் தொட்டவர்களும் இருக்கிறார்கள். ஹெர்ப் புரூக்ஸ் மினசோட்டா பல்கலைக்கழகத்தில் ஆடினவர். 1960 ஒலிம்பிக் அணியிலிருந்து கடைசியாக நீக்கப்பட்ட ஆள் அவர்தான். அந்த அணி தங்கம் வென்றது, அவர் வீட்டிலிருந்து பார்த்தார். கோச்சாக வந்து 1974, 1976, 1979 என்று மூன்று முறை தன் பல்கலைக்கழகத்துக்கு தேசியப் பட்டம் வாங்கித் தந்தார், பிறகுதான் 1980. அந்த 1980 ஆட்டத்தில் சோவியத்துக்கு எதிராக இரண்டு கோல் அடித்த மார்க் ஜான்சன் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் ஆடினவர். 2002இலிருந்து அதே பல்கலைக்கழகத்தின் பெண்கள் அணிக்குக் கோச். 2025 வரைக்கும் 8 தேசியப் பட்டம். ஆகவே "ஆடினார், பிறகு கோச் ஆனார்" என்பது இங்கே ஒழுங்கான, மரியாதையான வரிசை. அதில் நிலையின்மை ஒன்றும் கிடையாது.

சிக்கல் கோச்சின் உடம்பில்தான். மூளை முழு நேரமும் ஆட்டத்தில் இருக்கும், உடம்பு ரப்பர் பாய் மேல் நின்றுகொண்டிருக்கும். கால்சட்டையும் கோட்டுமாக பெஞ்சுக்குப் பின்னால் நிற்கும் 23 வயதுக்காரருக்கு, முன்னால் ஆடுகிறவரைவிட வேகமாகத் தன்னால் ஓட முடியும் என்று தெரியும். முதல் வருடம் எடை கூடும், தூக்கம் கெடும், காரணமில்லாமல் எரிச்சல் வரும். இதை நான் ஆட்டக்காரர்களைவிட இளம் கோச்களிடம்தான் அதிகம் பார்க்கிறேன். அவர்களில் சிலர் மாரத்தான் ஓடப் போகிறார்கள், சிலர் சைக்கிள். ஒன்றிரண்டு பேர் பாக்சிங் ஜிம்முக்கு வருகிறார்கள். ஏன் இதுவென்று கேட்டால் பெரும்பாலும் ஒரே பதில்தான்: "ஓடும்போது எதிரே யாரும் இல்லை."

ஐஸ் ஹாக்கி என்றாலே ஆட்டத்துக்கு நடுவே கையுறையைக் கழற்றி எறிந்துவிட்டு அடித்துக்கொள்ளும் காட்சி நினைவுக்கு வரும், அதனால் பாக்சிங்குக்குப் போவது இயல்புதானே என்று நீங்கள் எண்ணலாம். அது என்.எச்.எல். அங்கே சண்டை போட்டால் 5 நிமிடம் தண்டனைப் பெட்டியில் உட்கார்ந்துவிட்டுத் திரும்பவும் ஆட வரலாம். கல்லூரி ஹாக்கியில் சண்டைக்கு நெடுங்காலமாக இருந்துவரும் விதி வேறு: ஆட்டத்திலிருந்தே வெளியேற்றம், அடுத்த ஆட்டத்துக்கும் தடை. போதாததற்கு முகம் முழுக்க மூடும் கம்பி முகமூடி கட்டாயம், அதைக் குத்தினால் உடைவது குத்துகிறவரின் விரல்தான். பெண்கள் ஆட்டத்தில் உடலால் மோதித் தள்ளுவதே தவறு. எனவே கல்லூரி ஹாக்கி ஆடிவிட்டு வருகிறவர்களில் பெரும்பாலோர் வாழ்நாளில் ஒரு குத்துக்கூட விட்டிருக்க மாட்டார்கள். இது நல்லதுதான். தப்பாகக் கற்றதை மறக்க வைப்பதைவிட ஒன்றுமே தெரியாதவருக்குச் சொல்லித் தருவது எளிது.

பனிமேல் போடும் சண்டைக்கும் பாக்சிங்குக்கும் உறவு மிகக் குறைவு என்பதற்கு இன்னொரு காரணம் தரை. பாக்சிங்கில் குத்து கையிலிருந்து வருவதில்லை. பின்னங்கால் தரையை உதைக்கிறது, குதிகால் திரும்புகிறது, இடுப்பு திரும்புகிறது, தோள் அதைத் தொடர்கிறது, கை கடைசியாகத்தான் போகிறது. பனியில் உதைப்பதற்குத் தரையே கிடையாது. அதனால்தான் ஹாக்கிச் சண்டையில் ஒரு கையால் எதிராளியின் சட்டையைக் கொத்தாகப் பிடித்துத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு மறு கையால் அடிக்கிறார்கள். இழுக்கும் கைதான் அங்கே தரை. பாக்சிங்கில் பிடித்தால் நடுவர் பிரித்துவிடுவார், தொடர்ந்து பிடித்தால் புள்ளி போகும். எட்மன்டன் அணியின் முரட்டுச் சண்டைக்காரர் டேவ் செமன்கோ 1983இல் ஓய்வுபெற்றிருந்த முகமது அலியோடு மூன்று ரவுண்டு காட்சிப் போட்டியில் நின்றார். அது சமன் என்று அறிவிக்கப்பட்டது. அதைப் பார்த்து ஹாக்கிக்காரர் அலிக்குச் சமம் என்று யாரும் கணக்குப் பண்ணவில்லை. அலி அன்று தர்மத்துக்காக ஆடிய 41 வயது மனிதர்.

சரி, எது கைகொடுக்கிறது? என் அனுபவத்தில் முதலாவது கண். ஹாக்கியில் தடுப்பு ஆட்டக்காரருக்குச் சின்ன வயதிலேயே சொல்லித் தருவது, "பக்கைப் பார்க்காதே, மார்பைப் பார்" என்பது. பக்கும் கையும் ஏமாற்றும், மார்பு போகிற பக்கம்தான் ஆள் போவார். பாக்சிங்கிலும் கையுறையைப் பார்க்கக் கூடாது, மார்பையும் தோளையும்தான் பார்க்க வேண்டும். தடுப்பு ஆட்டக்காரர் பின்பக்கமாகச் சறுக்கிக்கொண்டே தனக்கும் எதிராளிக்கும் நடுவே உள்ள இடைவெளியை ஒரு ஸ்டிக் நீளத்துக்குள் வைத்திருப்பார். பாக்சிங்கில் நாங்கள் தூரம் என்று சொல்வதும் அதையேதான். தடுப்பு ஆடினவர்களுக்கு இந்த விஷயத்தில் முதல் மாதத்திலேயே ஒரு தெளிவு வந்துவிடுகிறது, கோல் அடிக்கும் இடத்தில் ஆடினவர்களுக்கு அது தாமதமாகவே வருகிறது. எந்த ஆய்விலும் படித்ததில்லை, பேட் பிடித்துப் பார்த்தது மட்டும்தான்.

அடுத்தது, அடி வாங்கியபின் முகம் மாறாமல் இருப்பது. முதல் ஸ்பாரிங்கில், அதாவது பயிற்சிச் சண்டையில், மூக்கில் ஒரு ஜாப் (முன்கையால் விடும் நேர்க் குத்து) விழுந்ததும் பாதிப் பேர் கண்ணை மூடிக்கொண்டு திரும்பிக்கொள்வார்கள். ஹாக்கிக்காரர்கள் திரும்புவதில்லை. பனித்தளத்தைச் சுற்றியுள்ள பலகையில் மோதி எழுந்து அடுத்த வேலையைப் பார்த்துப் பார்த்து வளர்ந்தவர்கள் அவர்கள்.

கைகொடுக்காதது நுரையீரல். இதைக் கேட்டு ஹாக்கிக்காரர்களே நம்ப மாட்டார்கள், முதல் நாள் நம்பிவிடுவார்கள். ஹாக்கியில் ஒருவர் தொடர்ந்து பனிமேல் இருக்கும் நேரம் 45 நொடி, மிஞ்சினால் ஒரு நிமிடம். உயிரைக் கொடுத்து ஓடிவிட்டு பெஞ்சில் வந்து உட்காரலாம், அடுத்த வரிசை இறங்கும். அந்த 45 நொடிக்காகவே பத்துப் பதினைந்து வருடம் வார்க்கப்பட்ட உடம்பு அது. பாக்சிங் ரவுண்டு 3 நிமிடம், புதியவர்களுக்குப் பல இடங்களில் 2 நிமிடம். மாற்று ஆள் கிடையாது. நான் பேட் பிடித்த ஒரு இளம் கோச், முதல் ரவுண்டில் புயல் மாதிரி அடித்தார். 50ஆவது நொடி வாக்கில் அவர் கண் என்னை விட்டு விலகி இடது பக்கம் போனது. அங்கே சுவரும் தண்ணீர் பாட்டிலும்தான். அடுத்த ரவுண்டிலும் அதே நொடியில் அதே பக்கம். மூன்றாவது தடவைதான் எனக்கு உறைத்தது, அவர் பெஞ்சைத் தேடுகிறார். அந்தப் பழக்கம் போக ஆறு வாரம் ஆனது. அதற்கு நாங்கள் செய்ததெல்லாம் வேகத்தைப் பாதியாகக் குறைத்து, மணி அடிக்கும் வரை மூக்கால் மட்டும் மூச்சு விடச் சொன்னதுதான்.

கால்களும் முதலில் எதிரிதான். ஸ்கேட்ஸ் கணுக்காலை இறுக்கிப் பிடித்து வைத்திருப்பதால் கெண்டைக்கால் சோம்பேறியாக இருக்கும். கயிறு தாண்ட விட்டால் ஐந்தாவது நிமிடம் உட்கார்ந்துவிடுவார்கள். தொடையோ எக்கச்சக்கமாகப் பருத்திருக்கும். எடைப் பிரிவு வைத்து நடக்கும் விளையாட்டில் அது சுமை. அதே எடையில் எதிரே நிற்கிறவர் இரண்டு அங்குலம் உயரமாகவும் நீண்ட கையோடும் இருப்பார். இன்னொன்று நுட்பமான விஷயம். இளம் ஹாக்கி ஆட்டக்காரர்களுக்குச் சொல்லிச் சொல்லி மண்டையில் ஏற்றுவது "தலையை நிமிர்த்து" என்பது. குனிந்த தலையோடு பலகையில் மோதினால் கழுத்தெலும்பு முறியும், அதற்காக வைத்த பாடம். பாக்சிங்கில் முதல் பாடம் "தாடையை இறக்கு." உயிரைக் காப்பாற்ற உடம்பு கற்றுக்கொண்ட ஒன்றை, வேறு இடத்தில் உயிரைக் காப்பாற்ற மறக்க வேண்டியிருக்கிறது. தாடையைத் தோளுக்குள் புதைத்து நிற்க அவர்கள் படும் பாட்டைப் பார்த்தால் பாவமாக இருக்கும்.

இடது கை, வலது கை விஷயம் சந்தேகப் பட்டியலில் போகும். வலது கைப் பழக்கம் உள்ள ஹாக்கிக்காரர்களில் நிறையப் பேர் ஸ்டிக்கை இடது பக்கம் பிடித்து ஆடுவார்கள், வலது கை மேலே இருக்கும். இவர்களை இடது கை பாக்சர் போல வலது காலை முன்வைத்து நிறுத்தினால் நன்றாக வரும் என்று சில கோச்கள் சத்தியம் செய்வார்கள். எனக்கு இரண்டு விதமாகவும் நடந்திருக்கிறது. இரண்டு நிலையிலும் ஒரு வாரம் நிறுத்திப் பார்த்துவிட்டு முடிவெடுப்பதே மேல்.

ஹாக்கி, கோச் வேலை, பாக்சிங் என்ற மூன்றும் ஒரே ஆளிடம் சேர்வது புதிதும் இல்லை. கனடாவின் டொரன்டோ நகரத்துத் தொழிலாளர் குடும்பத்தில் பத்துக் குழந்தைகளில் ஒருவராகப் பிறந்த லயனல் கொனாகர் சறுக்கக் கற்றுக்கொண்டதே 16 வயதில், வசதி இல்லாததால். 1920இல் கனடாவின் லைட் ஹெவிவெயிட் பாக்சிங் பட்டம் வாங்கினார். அடுத்து டெம்ப்சியோடு ஒரு காட்சிப் போட்டி. 1921இல் கனடிய கால்பந்தின் பெரிய கோப்பையான கிரே கோப்பையை டொரன்டோ 23-0 என்று வென்றபோது 15 புள்ளி அவருடையது. சீக்கிரமே படிப்பை விட்டவர், பிறகு ஹாக்கிக்காகப் பிட்ஸ்பர்க் வந்து அங்கே டூகேன் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து படித்தார். படித்துக்கொண்டே ஆடியது நகரத்தின் அமெச்சூர் அணிக்கு. 1929-30 சீசனில் நியூயார்க் அமெரிக்கன்ஸ் அணியில் ஆட்டக்காரராகவும் கோச்சாகவும் ஒரே நேரத்தில் இருந்தார். 1934இல் சிகாகோவோடும் 1935இல் மான்ட்ரியலோடும் என்.எச்.எல். பட்டமான ஸ்டான்லி கோப்பை. பிறகு நாடாளுமன்ற உறுப்பினர். 1950இல் அந்த அரை நூற்றாண்டின் தலைசிறந்த விளையாட்டு வீரராகக் கனடா அவரைத் தேர்ந்தெடுத்தது. 1954இல் நாடாளுமன்ற உறுப்பினர்களும் பத்திரிகையாளர்களும் ஆடிய சாஃப்ட்பால் ஆட்டத்தில் பந்தை அடித்துவிட்டு ஓடியவர் அங்கேயே சரிந்து இறந்துபோனார்.

கொனாகரை நிலையில்லாதவர் என்று அன்று யாரும் சொல்லவில்லை. அவர் காலத்தில் சீசன்கள் குறுகியவை, ஒன்று முடிந்த இடத்தில் இன்னொன்று ஆரம்பிக்கும். ஒரு குழந்தையை ஏழு வயதிலிருந்து வருடம் முழுக்க ஒரே விளையாட்டில் கட்டிப்போடுவது பிற்காலத்தில் வந்த வழக்கம். அந்த வழக்கத்தின் கண்ணாடி வழியாகப் பார்ப்பதால்தான் நீங்கள் படித்த பெண்ணின் பாதை விசித்திரமாகத் தெரிகிறது.

ஆனால் அவர் கல்லூரியிலேயே பாக்சிங்கையும் கற்றிருக்கலாமே என்று தோன்றும். ஒரு காலத்தில் முடிந்திருக்கும், ஆண்களுக்கு மட்டும். மார்க் ஜான்சன் கோச்சாக இருக்கிறார் என்று மேலே சொன்ன அதே விஸ்கான்சின்தான் கல்லூரி பாக்சிங்கின் தலைநகரமாக இருந்தது. ஒரு போட்டிக்கு 10,000 பேருக்கு மேல் கூடுவார்கள். அந்தப் பல்கலைக்கழகம் 8 முறை தேசிய அணிப் பட்டம் வென்றது. 1960 ஏப்ரல் 9 அன்று அவர்களுடைய அரங்கத்திலேயே நடந்த தேசியப் போட்டியில், முந்தைய ஆண்டின் சாம்பியனான சார்லி மோர் தலையில் அடிபட்டார். சண்டை நிறுத்தப்பட்டு இறங்கியபின் மயங்கினார். எட்டு நாள் கழித்து, ஈஸ்டர் ஞாயிறன்று இறந்தார். விஸ்கான்சின் பாக்சிங்கைக் கைவிட்டது, என்.சி.ஏ.ஏ.யும் 1961இல் கைவிட்டது. 1976இலிருந்து தனி அமைப்பு ஒன்று மாணவர் கிளப் அளவில் கல்லூரி பாக்சிங்கை நடத்திவருகிறது. எனவே பெரும்பாலான கல்லூரி ஆட்டக்காரர்களுக்கு பாக்சிங் என்பது பட்டம் வாங்கியபின் ஊர் ஜிம்மில் தொடங்கும் விஷயம்தான்.

26 வயதில் தொடங்குவது தாமதமா? ஒலிம்பிக் கனவுக்குப் பெரும்பாலும் ஆம், பத்து வயதில் ஜிம்முக்கு வந்தவர்களோடு மோத வேண்டும். அமெச்சூராக ஆடுவதற்குத் தாமதமே இல்லை. 40 வயது வரை பொதுப் பிரிவில் ஆடலாம், மூத்தோருக்குத் தனிப் பிரிவும் இருக்கிறது. 10 சண்டைக்கு மேல் போகாதவர்கள் புதியவர் பிரிவில் தங்களைப் போன்றவர்களோடு மட்டும் மோதலாம். ஒவ்வொரு சண்டைக்கு முன்னும் பின்னும் மருத்துவர் பார்ப்பார். ஒவ்வொரு சண்டையும் பதிவாகும். நாக்கவுட் ஆனாலோ தலையில் பலமாக அடிபட்டு நிறுத்தப்பட்டாலோ குறிப்பிட்ட நாட்களுக்கு இறங்கத் தடை விழும்.

மூளைக்கு வருகிறேன், எனக்கு இதில் இருக்கும் கவலையை மறைக்கப் போவதில்லை. உறுதியானவை இவை. தலையில் திரும்பத் திரும்ப விழும் அடி வருடங்கள் கழித்து மூளையைப் பாதிக்கலாம் என்பது பாக்சர்களை வைத்துத்தான் முதலில் தெரிந்தது, 1928இல் ஹாரிசன் மார்ட்லண்ட் என்ற மருத்துவர் எழுதினார். அதே வகைச் சிதைவு ஹாக்கிக்காரர்களிடமும் கண்டறியப்பட்டிருக்கிறது. மினசோட்டாவுக்கு ஆடிய சண்டைக்காரர் டெரக் பூகார்ட் 2011இல் 28 வயதில் இறந்தபின் பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் அவர் மூளையைச் சோதித்து உறுதி செய்தார்கள். அந்தச் சிதைவை இன்றைக்கும் இறந்தபின்தான் திட்டவட்டமாகச் சொல்ல முடிகிறது. தலைக்கவசம் வெட்டுக்காயத்தைக் குறைக்கிறது, கவசத்துக்குள் மண்டையும் மண்டைக்குள் மூளையும் குலுங்குவதை அதனால் தடுக்க முடியாது. 2013இல் ஆண்கள் உயர்மட்ட அமெச்சூர் போட்டிகளில் கவசத்தையே எடுத்துவிட்டார்கள், பெண்களுக்கு வைத்திருக்கிறார்கள். ஒரு அதிர்ச்சி ஆறுவதற்குள் இரண்டாவது விழுவது மிக ஆபத்து என்பதிலும் யாருக்கும் கருத்து வேறுபாடு இல்லை.

விவாதத்தில் இருப்பவை: எத்தனை அடி வரை தாங்கும், மயக்கம் வராத சின்னச் சின்ன அடிகள் எவ்வளவு சேர்த்துவைக்கின்றன, ஒரே அளவு அடிபட்ட இருவரில் ஒருவருக்கு மட்டும் ஏன் வருகிறது என்பதெல்லாம். மூளைகளைத் தானமாகப் பெற்று நடந்த ஆராய்ச்சிகளில் பெரும்பாலானவை ஆண்களுடையவை, அதனால் பெண்களைப் பற்றிய முடிவுகள் இன்னும் மெல்லியவை. மோதுவது தவறு என்று விதி இருந்தும் பெண்கள் கல்லூரி ஹாக்கியில் மூளை அதிர்ச்சி குறைவாக இல்லை என்பதை நான் என் கல்லூரிப் பனித்தளத்திலேயே பார்க்கிறேன்.

நான் ஜிம்மில் வற்புறுத்துவது ஒன்றே ஒன்று: ஹாக்கிக் கணக்கை மூடிவிட்டு பாக்சிங்குக்குப் புதுக் கணக்கு திறக்க முடியாது. தலைக்கு இருப்பது ஒரே கணக்குப் புத்தகம். புதிதாக வருகிற ஹாக்கிக்காரரிடம் "எத்தனை கன்கஷன் (மூளை அதிர்ச்சி)?" என்று கேட்டால் "ஒன்று, இரண்டு" என்பார்கள், மருத்துவர் சீட்டு எழுதியதை மட்டும் எண்ணுவார்கள். அதனால் கேள்வியை மாற்றிக் கேட்கிறேன். மோதியபின் பூச்சி பறந்தது எத்தனை தடவை? ஆட்டத்தின் ஒரு பகுதி ஞாபகமே இல்லாமல் போனது உண்டா? வெளிச்சம் பிடிக்காமல் அறையை இருட்டாக்கிப் படுத்தது எத்தனை நாள்? சில வருடங்களுக்கு முன் ஒரு பெண் "இரண்டு" என்று ஆரம்பித்து, விரல் விட்டு எண்ணிக்கொண்டே போய் ஒன்பதில் நின்றார், நின்று தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு நரம்பியல் மருத்துவரைப் பார்க்கச் சொல்லி எழுதிக் கொடுத்தேன். ஸ்பாரிங் வேண்டாம் என்று மருத்துவர் சொல்லிவிட்டார். இன்றும் அவர் ஜிம்முக்கு வருகிறார். பை குத்துகிறார், கயிறு தாண்டுகிறார், சின்னப் பெண்களுக்குக் கால் வைக்கும் முறை சொல்லித் தருகிறார். சண்டை போட பாக்சிங் ரிங்குக்குள் மட்டும் ஏறுவதில்லை. அவரும் பாக்சர்தான் என்பேன்.

கோச்சாக இருந்துகொண்டு பாக்சிங் கற்பவர்களிடம் நான் கண்ட ஒரு நல்ல விளைவையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அந்தக் குறிப்பில் அது வந்திருக்காது. 23 வயதில் கோச் ஆகிறவருக்கு, கற்றுக்கொள்ளத் திணறுவது எப்படி இருக்கும் என்பது மறந்தே போயிருக்கும். சறுக்குவதை எப்போது கற்றோம் என்றே அவருக்கு ஞாபகம் இருக்காது. பாக்சிங் ஜிம்மில் பதினான்கு வயதுப் பையனிடம் அடி வாங்கி, ஒரு சாதாரண ஜாபைத் திருப்பி எடுக்கத் தெரியாமல் மூன்று வாரம் தவித்தபின், பனித்தளத்துக்குத் திரும்பிப் போய்த் தன் மாணவிகளிடம் பேசும் குரலே மாறிவிடுகிறது. பெஞ்சுக்குப் பின்னால் நின்று கத்தியவர், ஆட்டம் நின்ற நேரத்தில் குனிந்து காதருகே இரண்டு வார்த்தை சொல்லிவிட்டு நிமிர்வதை நான் பார்த்திருக்கிறேன். பாக்சிங் மூலையில் ரவுண்டுக்கு நடுவே ஒரு நிமிடம்தான் கிடைக்கும், அதில் மூச்சு வாங்கவிட்டு மிச்ச நேரத்தில் ஒரே ஒரு விஷயத்தைத்தான் சொல்ல முடியும். அந்தச் சிக்கனத்தை அங்கேதான் கற்றிருக்கிறார்.

அந்தப் பெண் உங்களுக்குத் தெரிந்தவராகவோ உறவாகவோ இருந்தால், எதற்கு இத்தனை மாற்றம் என்று கேட்க வேண்டாம். கடைசியாகத் தலையில் அடிபட்டு ஆடாமல் உட்கார்ந்தது எப்போது, எத்தனை நாள், அதை இப்போதைய பாக்சிங் கோச்சிடம் சொல்லியாகிவிட்டதா என்று கேளுங்கள். சொல்லவில்லை என்றால், அடுத்த ஸ்பாரிங்குக்கு முன் சொல்லச் சொல்லுங்கள். அந்தத் தேதிகளை ஒரு தாளில் எழுதி ஜிம் பைக்குள் வைத்துக்கொள்வது நல்லது. மருத்துவர் கேட்கும்போது ஞாபகம் கைகொடுக்காது.